தாய் பெயர் இல்லாத கோப்பு

பெங்களூரில் பிறந்து, கைக்குழந்தையாகவே விமானம் ஏறி, சுவீடனிலோ சுவிட்சர்லாந்திலோ அமெரிக்காவிலோ வளர்ந்தவர்கள் பலருக்கு இப்போது நடுவயது. அவர்களில் சிலர் பெற்ற தாயைத் தேடி இந்த நகரத்துக்கு வருகிறார்கள். இந்தியத் தத்தெடுப்பு விதிகளே இதற்கு ‘வேர் தேடல்’ என்று பெயர் வைத்திருக்கின்றன. வருபவர் கையில் இருப்பது கொஞ்சம்தான்: ஒரு குழந்தைப் புகைப்படம், காலாவதியான இந்தியப் பாஸ்போர்ட், நீதிமன்ற உத்தரவின் நகல், காப்பகத்தார் வைத்த பெயர். பெற்றவளின் பெயர் இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருக்கும். எழுதியிருந்தாலும் அது உண்மைப் பெயராக இருக்கும் என்று சொல்ல முடியாது. ஆகவே ஆளைத் தேடுவதற்கு முன் காகிதத்தைத் தேட வேண்டியிருக்கிறது. அந்தக் காகிதம் யாரால், எதற்காக, எப்படி எழுதப்பட்டது என்று தெரிந்துகொண்டால்தான் அதில் எதை நம்பலாம் என்பது விளங்கும்.

ஒரு நாட்டுக் குழந்தையை இன்னொரு நாட்டார் தத்தெடுக்கும் வழக்கம் பெருகியது போர்களால். கொரியப் போருக்குப் பின் ஆயிரக்கணக்கான குழந்தைகள் அமெரிக்காவுக்குப் போயினர். 1975 ஏப்ரலில் சைகோன் விழுவதற்குச் சில வாரங்களுக்கு முன், வியட்நாமிலிருந்து 2,500க்கும் மேற்பட்ட குழந்தைகளை அமெரிக்கா விமானங்களில் அள்ளிக்கொண்டு போனது. அந்த வரிசையில் முதலில் கிளம்பிய ராணுவ விமானம் நொறுங்கி விழுந்து பல குழந்தைகள் இறந்தனர். பிழைத்துப் போனவர்களில் எல்லோரும் அனாதைகள் அல்லர் என்பது பிற்பாடு தெரிய வந்தது. அவர்களில் பலர் வளர்ந்தபின் வியட்நாமுக்குத் திரும்பிப் போய்த் தேடினார்கள். இந்தியாவில் அப்படிப் போர் எதுவும் நடக்கவில்லை. இங்கே குழந்தைகளைக் காப்பகத்துக்கு அனுப்பியவை வறுமை, மணமாகாத தாய்மை, பெண் குழந்தை வேண்டாம் என்ற எண்ணம் ஆகியவைதான். போர் ஒருநாள் முடிந்துவிடும். இந்தக் காரணங்களுக்கு அப்படி முடிவு இல்லாததால் 1970களில் தொடங்கிய ஓட்டம் பல பத்தாண்டுகள் நீண்டது.

வெளிநாட்டார் இந்தியக் குழந்தையை இங்கேயே தத்தெடுக்க அக்காலத்தில் சட்டம் இல்லை. 1956இன் இந்துத் தத்தெடுப்பு, பராமரிப்புச் சட்டம் இந்துக்கள், பௌத்தர், சமணர், சீக்கியர் ஆகியோருக்கு மட்டும். எனவே பிரிட்டிஷ் காலத்து 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டத்தைப் பிடித்துக்கொண்டார்கள். வெளிநாட்டுத் தம்பதி மாவட்ட நீதிமன்றத்தில் குழந்தைக்குக் காப்பாளராக நியமனம் பெறுவர். குழந்தை இந்தியப் பாஸ்போர்ட்டில் பயணம் போகும். அந்த நாட்டு நீதிமன்றத்தில் தத்தெடுப்பு நடக்கும். இந்தச் சுற்றுவழி தேடுபவர்களுக்கு இன்று ஒருவகையில் கைகொடுக்கிறது. காப்பகம் மூடப்பட்டிருந்தாலும், கோப்பைத் தர மறுத்தாலும், நீதிமன்றத்தில் ஒரு மனு இருந்திருக்கும். குழந்தை எப்படிக் காப்பகத்துக்கு வந்தது, யார் ஒப்படைத்தார், யார் சாட்சி என்ற விவரங்கள் அதில் இருக்க வாய்ப்புண்டு.

சுற்றுவழியில் ஒரு கண்ணியும் இருந்தது. போன நாட்டில் தத்தெடுப்பு முடிந்தாலும் குடியுரிமைக்குத் தனியாக விண்ணப்பிக்க வேண்டும். சில அமெரிக்கப் பெற்றோர் அதைச் செய்யாமல் விட்டுவிட்டார்கள். 2000ஆம் ஆண்டில் அமெரிக்கா இயற்றிய சட்டம், அது நடைமுறைக்கு வந்தபோது பதினெட்டு வயது நிறையாதவர்களுக்கு மட்டுமே தானாகக் குடியுரிமை தந்தது. அதற்கு மூத்தவர்களில் ஒரு பெண், அங்கே குடும்பமும் குழந்தைகளும் இருக்க, 2008இல் மும்பைக்கு நாடு கடத்தப்பட்டார். தாய்நாட்டுக்குத் திரும்புவதில் இப்படியும் ஒரு வகை உண்டு.

வெளிநாட்டுத் தத்தெடுப்பில் நடக்கும் முறைகேடுகளைச் சுட்டி லட்சுமிகாந்த் பாண்டே என்ற வழக்கறிஞர் 1982இல் உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். கடிதத்தையே மனுவாக ஏற்று நீதிபதி பி.என். பகவதி 1984 பிப்ரவரியில் அளித்த தீர்ப்புதான் இந்தியாவில் இத்துறையின் அடித்தளம். அங்கீகாரம் பெற்ற நிறுவனம் வழியாகத்தான் குழந்தை போக வேண்டும். குழந்தையைப் பற்றியும் வளர்க்கப்போகும் குடும்பத்தைப் பற்றியும் ஆய்வறிக்கை வேண்டும். தத்துக் கொடுக்கும் நிறுவனத்தைச் சாராத ஒரு சமூகநல அமைப்பு ஆவணங்களைப் பார்த்து நீதிமன்றத்துக்குக் கருத்துச் சொல்ல வேண்டும். முதலில் இந்தியக் குடும்பம் கிடைக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்றெல்லாம் அது வகுத்தது. தீர்ப்புக்குப் பிந்தைய கோப்புகள் அதனால் கொஞ்சம் தடிமனாகவே இருக்கின்றன. 1970களில் போனவர்களின் கோப்பு சிலசமயம் இரண்டு மூன்று தாள்களோடு முடிந்துவிடும்.

பெங்களூரில் தத்துக் கொடுத்தவை பெரும்பாலும் தொண்டு நிறுவனங்களும் கிறித்தவ மடத்தார் நடத்திய காப்பகங்களும். ஆஷ்ரயா, வாத்சல்யா, கர்நாடக மாநிலக் குழந்தைகள் நல மன்றம் போன்ற பெயர்கள் தேடுபவர்களின் பேச்சில் அடிபடும். காப்பகத்துக்குக் குழந்தை வந்த வழிகள் இரண்டு. தாயோ குடும்பமோ கையெழுத்திட்டு ஒப்படைத்தது ஒன்று. மருத்துவமனையிலோ கோயில் வாசலிலோ பேருந்து நிலையத்திலோ விட்டுச் சென்றது இன்னொன்று. முதல் வகையில் ஒரு பெயரும் முகவரியும் எழுத வேண்டியிருக்கும். மணமாகாத பெண் கருவுற்றால் சொந்த ஊரில் யாருக்கும் தெரியாமல் பெரிய நகரத்துக்கு அழைத்து வந்து, பிள்ளை பெறும்வரை ஒரு விடுதியில் தங்க வைத்து, பெற்ற கையோடு ஒப்படைத்துவிட்டுத் திரும்புவது குடும்பங்கள் கைக்கொண்ட வழி. அந்தச் சூழலில் உண்மைப் பெயரைச் சொல்ல யார் துணிவார்கள்? பொய்ப் பெயரும் இல்லாத தெருவும் பதிவேட்டில் ஏறின. எழுதிக்கொண்டவர்களும் பெரும்பாலும் துருவிக் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதே கருணை என்று கருதினார்கள். அந்தக் கருணையின் பின்விளைவு குழந்தையின் மேல் விழும் என்று அப்போது யாருக்கும் தோன்றவில்லை.

ஆனால் வெறுமையாக விடப்பட்ட இடங்களை எல்லாம் தாயின் விருப்பத்தால் வந்தவை என்று ஏற்றுக்கொள்ள முடியாது. சுவிட்சர்லாந்தின் சூரிக், துர்காவ் மாநிலங்களின் சார்பில் இந்தியத் தத்தெடுப்புகளை ஆராய்ந்து 2024இல் வெளியான அறிக்கையின் தலைப்பே ‘தாய் தெரியாது’ என்பதுதான். 1973 முதல் 2002 வரை 2,278 இந்தியக் குழந்தைகள் சுவிட்சர்லாந்துக்குத் தத்துப் போயிருக்கிறார்கள். பெற்றோரின் ஒப்புதல் பத்திரம் வேண்டும் என்று அந்த நாட்டுச் சட்டம் சொல்லியிருந்தும், ஆராய்ந்த கோப்புகளில் அந்தப் பத்திரத்தைக் காணோம். அதிகாரிகள் கேட்காமலே முத்திரை குத்தியிருக்கிறார்கள். தாய் தெரியாதவளாக இருந்தது எல்லோருக்கும் வசதியாக இருந்திருக்கிறது. தெரிந்த தாய் மனம் மாறலாம், கேள்வி கேட்கலாம், திரும்பி வரலாம். தெரியாத தாயால் எந்தத் தொல்லையும் இல்லை.

மோசடியின் உச்சத்தைத் தமிழ் வாசகர்கள் சென்னையிலேயே பார்த்திருக்கிறார்கள். மலேசியன் சோஷியல் சர்வீசஸ் என்ற நிறுவனத்துக்குக் குடிசைப் பகுதிகளிலிருந்து கடத்தப்பட்ட குழந்தைகள் விற்கப்பட்டதும், அவர்கள் அமெரிக்கா, நெதர்லாந்து, ஆஸ்திரேலியா ஆகிய நாடுகளுக்குத் தத்துக் கொடுக்கப்பட்டதும் 2005இல் காவல்துறை செய்த கைதுகளால் வெளிப்பட்டன. பின்னர் வழக்கு சிபிஐயிடம் போனது. 1991க்கும் 2003க்கும் இடையில் அந்நிறுவனம் குறைந்தது 165 குழந்தைகளை வெளிநாட்டுக்கு அனுப்பியதாக ஸ்காட் கார்னி என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர் எழுதினார். குழந்தையைப் பறிகொடுத்த தாய் தந்தையர் இங்கே தேடிக்கொண்டிருக்க, காகிதத்தில் அந்தக் குழந்தைக்கு வேறு பெயரும், கையெழுத்திட்டுக் கொடுத்த வேறு ஒரு தாயும் இருந்தனர். ஆந்திரத்திலும் இதே காலத்தில் லம்பாடித் தாண்டாக்களிலிருந்து பெண் குழந்தைகள் விலைக்கு வாங்கப்பட்டது அம்பலமானது. அம்மாநிலத்திலிருந்து இரு சிறுமிகளைத் தத்தெடுத்த அமெரிக்கச் சட்டப் பேராசிரியர் டேவிட் ஸ்மோலின், அவர்கள் தாயிடமிருந்து திருடப்பட்டவர்கள் என்று அறிந்தபின், குழந்தைகளைச் சட்டபூர்வமாக ‘வெளுத்து’ அனுப்பும் இந்த முறையைப் பற்றியே ஆய்வு செய்யத் தொடங்கினார். இலங்கையில் 1980களில் சுமார் 11,000 குழந்தைகள் ஐரோப்பாவுக்குப் போயினர். நீதிமன்றத்தில் தாயாக நிற்பதற்கென்றே கூலிக்குப் பெண்களை அழைத்து வந்த கதை 2017இல் ஒரு டச்சுத் தொலைக்காட்சி நிகழ்ச்சியால் உலகுக்குத் தெரிந்தது. மணிரத்னத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ (2002) இலங்கைத் தாயைத் தேடும் தத்துச் சிறுமியைப் பற்றியது; திரையில் தாயின் பெயரும் ஊரும் கிடைத்துவிடுகின்றன. நிஜத்தில் தேடுபவர்கள் அந்தச் சிறுமியைப் பார்த்துப் பொறாமைப்படத்தான் முடியும்.

இன்றைய சட்டம் என்ன சொல்கிறது? 1990இல் அமைக்கப்பட்ட மத்திய தத்தெடுப்பு ஆதார ஆணையம், சுருக்கமாகக் ‘காரா’, இத்துறைக்குப் பொறுப்பு. நாடுகளுக்கிடையிலான தத்தெடுப்பு பற்றிய 1993ஆம் ஆண்டின் ஹேக் உடன்படிக்கையை இந்தியா 2003இல் ஏற்றது. குழந்தையின் பிறப்பு, பெற்றோர் பற்றிய தகவல்களைப் பாதுகாத்து வைக்க வேண்டியது அரசின் கடமை என்பது அதன் சரத்துகளில் ஒன்று. 2015ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டத்தின் கீழ் வந்த 2017, 2022 தத்தெடுப்பு விதிமுறைகள் வேர் தேடலுக்கு வழி செய்திருக்கின்றன. பதினெட்டு வயது நிறைந்தவர் தாமே இணையவழி விண்ணப்பிக்கலாம்; அதற்குக் குறைந்தவர் பெற்றோருடன் சேர்ந்து கேட்க வேண்டும். காரா, மாநிலத் தத்தெடுப்பு ஆதார முகமை, மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகு, தத்துக் கொடுத்த நிறுவனம், வெளிநாட்டு முகமை, இந்தியத் தூதரகம் ஆகிய எல்லாமே உதவக் கடமைப்பட்டவை. தன் அடையாளத்தை வெளியிட வேண்டாம் என்று பெற்றவர் முன்பே சொல்லியிருந்தால் அவருடைய சம்மதம் வேண்டும். அவர் மறுத்தாலோ கண்டுபிடிக்க முடியாமல் போனாலோ, எந்தச் சூழலில் குழந்தை ஒப்படைக்கப்பட்டது என்பதையாவது சொல்ல வேண்டும். குழந்தையின் உரிமை பெற்றவரின் தனியுரிமையை மீறக்கூடாது என்றும் விதி முடிக்கிறது.

இத்தனையும் நியாயம்தான். சிக்கல் இன்னொரு வரியில் இருக்கிறது: மூன்றாம் நபர் வேர் தேடல் நடத்த அனுமதி இல்லை. தாயின் ரகசியத்தைக் காக்கப் போட்ட வேலி இது. ஆனால் சூரிக்கில் வேலை பார்க்கும் ஒருவர் மூன்று வார விடுப்பில் வந்து, கன்னடமும் தமிழும் தெரியாமல், பெங்களூரின் சந்துகளில் எப்படித் தேடுவார்? உள்ளூரில் ஒருவரை நம்பித்தான் ஆக வேண்டும். புனேயில் பிறந்து ஜெர்மனியில் வளர்ந்த அருண் டோஹ்லே தன் கோப்பைப் பார்க்கவே மும்பை உயர் நீதிமன்றத்திலும் உச்ச நீதிமன்றத்திலும் ஆண்டுக்கணக்கில் வழக்காட வேண்டியிருந்தது. பிறகு அவரும் புனேயைச் சேர்ந்த அஞ்சலி பவாரும் பிறருக்காகத் தேடுவதையே பணியாக்கிக்கொண்டார்கள். கோப்பைக் காட்டத் தயங்கும் நிறுவனங்கள் ரகசியக் காப்பைக் காரணம் காட்டுகின்றன. தாயைக் காக்கும் ரகசியம் எது, நிறுவனம் தன்னைக் காத்துக்கொள்ளும் ரகசியம் எது என்று பிரித்துப் பார்க்க விதிமுறையில் வழி இல்லை.

பெங்களூரில் தேடல் நடக்கும் விதம் ஏறக்குறைய ஒன்றுதான். முதலில் வளர்ந்த நாட்டில் உள்ள கோப்பு: அங்கத்திய தத்து முகமை, குடியேற்றத் துறை, நீதிமன்றம். பிறகு காராவுக்கு விண்ணப்பம். அது மாநில முகமைக்கும் மாவட்ட அலகுக்கும் வந்து, காப்பகத்தைச் சேரும். காப்பகத்தின் சேர்க்கைப் பதிவேட்டில் குழந்தை வந்த தேதியும் கொண்டுவந்தவர் யார் என்பதும் இருக்கும். மருத்துவமனைப் பெயர் இருந்தால் அடுத்த படி அங்கே. வாணி விலாஸ், பௌரிங், செயின்ட் மார்த்தாஸ் போன்ற பழைய மருத்துவமனைகளில் ஒரே நாளில் பல பிரசவங்கள். தேதியும் எடையும் ஒத்துப்போகின்றனவா என்று பார்க்க வேண்டும், அதுவும் அந்த ஆண்டுப் பதிவேடு கரையான் அரிக்காமல் இருந்தால். பிறப்புச் சான்றிதழ் பெரும்பாலும் உதவாது. அது தத்துக்குப் பின் வளர்ப்புப் பெற்றோர் பெயரில் எழுதப்பட்டிருக்கும்.

முகவரி கிடைத்தாலும் அந்த இடம் இருக்க வேண்டுமே. 1981 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சுமார் 29 லட்சம் பேர் வாழ்ந்த நகரம் 2011இல் 85 லட்சத்தைத் தொட்டது. குடிசைகள் பெயர்க்கப்பட்டன, ஏரிகள் தெருக்களாயின, வீட்டு எண்கள் பழையது புதியது என்று மாறின. தாய் இந்த நகரத்தவளா என்பதே ஐயம். கோலார் தங்கவயல், ஓசூர், சித்தூர், தும்கூர் என்று எங்கிருந்தும் வந்திருக்கலாம். சிவாஜி நகர், அல்சூர், காக்ஸ் டவுன் பக்கம் தமிழ் பேசும் குடும்பங்கள் தலைமுறைகளாக இருக்கின்றன. ஆகவே ‘கன்னடக் குழந்தை’ என்ற எண்ணத்தோடு வளர்ந்தவரின் தாய்மொழி தமிழாகவோ தெலுங்காகவோ உருதுவாகவோ இருக்கலாம். சுவீடனில் உட்கார்ந்து கன்னடம் கற்றுக்கொண்டு வருபவருக்கு இது ஒரு சோதனை.

கோப்பு கைவிட்ட இடத்தில் மரபணுச் சோதனை நுழைந்திருக்கிறது. எச்சிலை ஒரு குப்பியில் அடைத்து அனுப்பினால், தங்கள் தரவுத்தளத்தில் உள்ள உறவினர்களை நிறுவனங்கள் காட்டும். பெற்றவருக்கும் பிள்ளைக்கும் பாதி பொதுவாக இருக்கும். ஒன்றுவிட்ட சகோதரர்களுக்குச் சுமார் எட்டில் ஒரு பங்கு. இந்தியாவில் இருப்பவர்கள் இத்தகைய சோதனையை அதிகம் செய்வதில்லை என்பதால் நேரே தாய் கிடைப்பது அபூர்வம். வேறு நாட்டுக்குத் தத்துப் போன இன்னொரு உறவினரோ, அமெரிக்காவில் குடியேறிய தூரத்துச் சொந்தமோ பிடிபடலாம். அங்கிருந்து நூல் பிடித்துப் போக வேண்டும். தென்னிந்தியாவில் இன்னொரு முடிச்சும் உண்டு. அத்தை மகள், மாமன் மகன், தாய்மாமன் என்று நெருங்கிய சொந்தத்தில் கொண்டு கொடுக்கும் வழக்கத்தால், கர்நாடகத்திலும் தமிழ்நாட்டிலும் கால் பங்குக்கு மேற்பட்ட பெண்களின் திருமணம் இரத்த உறவுக்குள் நடந்திருப்பதாகத் தேசியக் குடும்ப நல ஆய்வு (2019–21) சொல்கிறது. ஒருவரோடு ஒருவர் பல வழிகளில் உறவாக இருக்கும்போது பொதுவான மரபணுப் பங்கு கூடிவிடுகிறது. ஐரோப்பியக் குடும்பங்களை வைத்துப் போட்ட கணக்கு, தூரத்து உறவை நெருங்கிய உறவாகக் காட்டிவிடும். சோதனை முடிவைப் பார்த்துச் சித்தி கிடைத்துவிட்டாள் என்று கிளம்பி வந்தவர் ஏமாறக் காரணம் இதுதான்.

தாய் கிடைத்துவிட்டால் வேலை முடிந்தது என்று நினைக்கலாம். உண்மையில் அங்கேதான் கவனம் தேவை. அவள் பிறகு மணமுடித்திருப்பாள். கணவனுக்கும் பிள்ளைகளுக்கும் அந்த முதல் பிரசவம் தெரியாது. விவரம் தெரிந்த சமூகப் பணியாளர் வீட்டுக் கதவைத் தட்டிப் பெயரைச் சொல்லிக் கேட்பதில்லை. அவளைத் தனியே பார்த்து, முடிவை அவளிடமே விட வேண்டும். சிலர் பார்க்க மறுக்கிறார்கள். சிலர் ஒருமுறை, வேறு ஊரில், யாருக்கும் தெரியாமல் சந்திக்கச் சம்மதிக்கிறார்கள். வாழ்நாள் முழுக்க அந்தக் குழந்தைக்காக ஏங்கியவர்களும் உண்டு. சென்னையிலிருந்து டென்மார்க்குக்குப் போன ஒருவர் நாற்பது ஆண்டுகளுக்குப் பின் தன் தாயை மணலியில் கண்டடைந்தபோது, அவரும் தன்னைத் தேடிக்கொண்டிருந்ததை அறிந்தார். கண்ட்வாவில் பிறந்து, சிறுவயதில் தொலைந்துபோய், ஆஸ்திரேலியாவில் வளர்ந்த சரூ பிரயர்லி, செயற்கைக்கோள் படங்களில் தண்டவாளங்களைத் தொடர்ந்து தன் ஊரைக் கண்டுபிடித்து 2012இல் தாயைச் சந்தித்த கதை ‘லயன்’ படமாகி உலகம் சுற்றியது. அத்தகைய கதைகள் செய்தியாவதால் அவையே வழக்கம் என்று தோன்றுகிறது. பெரும்பாலான தேடல்கள் ஒரு பதிவேட்டின் கடைசி வரியில் நின்றுவிடுகின்றன.

சந்தித்தபின் பேச மொழி இல்லை. மொழிபெயர்ப்பவர் நடுவில் உட்கார்ந்து, ‘ஏன் கொடுத்தீர்கள்?’ என்ற கேள்வியை மெதுவாக்கி, பதிலையும் மெதுவாக்கித் தருவார். தாய்க்கு அந்தக் கேள்வி குற்றச்சாட்டாகக் கேட்கும். கேட்பவர் தன் வாழ்க்கையின் முதல் பக்கத்தைத்தான் கேட்டிருப்பார். பிறகு பணம் வரும். வெளிநாட்டிலிருந்து வந்த பிள்ளை தம்பியின் படிப்புக்கு உதவும் என்று குடும்பம் எதிர்பார்ப்பது இங்கே இயல்பு. கேட்காமல் இருப்பதுதான் விலகலாகத் தோன்றும். வந்தவருக்கோ அது அன்புக்குப் போட்ட விலையாகப் படும். இரு பக்கமும் தவறு இல்லை. இதை முன்கூட்டிச் சொல்லி வைக்க ஒருவர் இருந்தால் பல உறவுகள் தப்பும். சட்டத்தின் கண்ணில், தத்து முடிந்த நாளிலேயே பிறந்த வீட்டோடு இருந்த சட்ட உறவு அறுந்துவிடுகிறது. இந்தச் சந்திப்பால் சொத்துரிமை எதுவும் திரும்பாது.

தாய் கிடைக்காதவர்களும் வெறுங்கையோடு போவதில்லை. காப்பகத்தில் தன்னைத் தூக்கி வளர்த்த ஆயாவைச் சிலர் பார்க்கிறார்கள். தத்துப் போகும்வரை தற்காலிகமாகக் குடும்பங்களில் வளர்க்கும் ஏற்பாடு இருந்த இடங்களில், அப்படி வளர்த்த அம்மாவிடம் ஒரு புகைப்படமாவது இருக்கும். நாடு கடந்த இந்தியர்களுக்கான ஓசிஐ அட்டைக்கு அந்தப் பழைய பாஸ்போர்ட் ஆதாரமாகிறது. சேலை கட்டப் பழகுவது, ராகி முத்தையை விரலால் கிள்ளி மெல்லாமல் விழுங்குவது, பசவனகுடியில் தெரு ஓரம் நின்று கடலைக்காய் வாங்குவது என்று ஒரு பண்பாட்டைப் பெரியவராகக் கற்றுக்கொள்வதில் கொஞ்சம் செயற்கைத்தனம் இருக்கத்தான் செய்யும். ஆனால் தன் நிறத்தில் எல்லோரும் இருக்கும் ஒரு தெருவில் யாரும் திரும்பிப் பார்க்காமல் நடப்பது பலருக்கு இங்கே முதல்முறையாக வாய்க்கிறது.

வெளிநாட்டுத் தத்தெடுப்பே இப்போது சுருங்கி வருகிறது. டென்மார்க்கின் ஒரே முகமை 2024இல் பணியை நிறுத்தியது. சீனாவும் அதே ஆண்டில் கதவை மூடியது. சுவிட்சர்லாந்து அரசு முற்றாகத் தடை செய்ய விரும்புவதாக 2025 ஜனவரியில் அறிவித்தது. இந்தியாவில் 2024–25இல் நடந்த 4,515 தத்தெடுப்புகளில் 4,155 நாட்டுக்குள்ளேயே முடிந்தன. வெளிநாடு போகும் சில நூறு குழந்தைகளில் பலர் இந்தியக் குடும்பங்கள் எடுக்கத் தயங்கும் வயதில் மூத்தவர்கள் அல்லது சிறப்புக் கவனிப்புத் தேவைப்படுபவர்கள். ஐந்து வயது நிறைந்த குழந்தையின் சம்மதத்தையும் கேட்க வேண்டும் என்பது விதி. தாய் மனம் மாற அறுபது நாள் அவகாசம் உண்டு. கைவிடப்பட்ட குழந்தை என்றால் செய்தித்தாளில் அறிவிப்பு வர வேண்டும். ஆவணங்கள் காராவின் ‘கேரிங்ஸ்’ இணையதளத்தில் ஏறுகின்றன. 2022 செப்டம்பர் முதல் தத்து ஆணையை நீதிமன்றத்துக்குப் பதிலாக மாவட்ட ஆட்சியரே வழங்குகிறார்.

பழைய கோப்புகளுக்கு இந்த வசதி எதுவும் இல்லை. அவை காப்பக அலமாரிகளிலும் நீதிமன்றப் பதிவறைகளிலும் தாள்களாகவே கிடக்கின்றன. முடிந்த வழக்குகளின் தாள்களைக் குறிப்பிட்ட காலத்துக்குப் பின் அழிக்க நீதிமன்ற விதிகளிலேயே இடமுண்டு. 1975இல் இருபது வயதில் பிள்ளை பெற்ற பெண்ணுக்கு இன்று எழுபதுக்கு மேல். அதனால் தேடலை அனுபவித்தவர்கள் புதிதாகத் தொடங்குபவர்களுக்குச் சொல்வது, பயணச்சீட்டு வாங்கும் முன்பே மாவட்ட நீதிமன்றத்தில் அந்தக் காப்பாளர் மனுவின் சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பம் போட்டுவிட வேண்டும் என்பது.